முப்பத்தோராம் நாள், கூமியூ பஸ்

சரோஜாதேவிக்குத் தன் மகன் இறந்தது தெரியாது.

அன்று முப்பத்தோராம் நாள்.

1996 நவம்பர் பதினேழு, ஞாயிற்றுக்கிழமை. காலை ஒன்பதரைக்கு ஆக்லாந்து துறைமுகத்தடியிலிருந்து புறப்பட்ட சின்ன சுற்றுலா பஸ்ஸில், மூன்றாவது வரிசை ஜன்னலோரம், அரக்குச் சேலையும் குங்குமப் பொட்டுமாக அவள் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் மகள் நிலானி. பின்னால் கணவர் கதிர்காமநாதன். மொத்தம் பதினாறு பயணிகள். நான்கு வைன் தோட்டங்கள், நடுவில் மதியச் சாப்பாடு, மாலை ஐந்தரைக்கு மறுபடி நகரம்.

மூவரில் ஒருவருக்கும் குடிக்கிற பழக்கம் கிடையாது. பிறகு எதற்கு இந்தப் பயணம்?

டெலிபோனுக்குப் பயந்து.

முப்பத்தோராம் நாள் என்றால் யாழ்ப்பாணத்தவர்களுக்கு அந்தியேட்டி. இறந்தவருக்குத் தண்ணீர் விட்டு, துடக்கை, அதாவது சாவுத் தீட்டைக் கழிக்கிற நாள். செத்த வீட்டுக்கு வரமுடியாத உறவுகள் அன்றைக்காவது டெலிபோன் எடுத்து இரண்டு சொல் அழுவார்கள். ரொறன்ரோ, லண்டன், ஒஸ்லோ என்று சிதறிக் கிடக்கும் அத்தனை பேரின் வாய்க்கும் நிலானி பூட்டுப் போட்டிருந்தாள். ஆனால் உறவுக்காரர்களில் யாராவது ஒருவர் மறந்துபோய், "சரோஜா, கேள்விப்பட்டனாங்கள்..." என்று தொடங்கினால் முடிந்தது. அதனால் கிளென்ஃபீல்ட் வீட்டு டெலிபோனுக்குக் கணவன் நவரத்தினத்தைக் காவல் வைத்துவிட்டு, அம்மாவை ஒரு நாள் முழுக்க எட்டாத இடத்துக்குக் கிளப்பிக்கொண்டு வந்திருந்தாள். கடையில் தன்னோடு வேலை செய்பவர்கள் பரிசாகத் தந்த டிக்கெட் என்று ஒரு பொய். இந்த முப்பத்தொரு நாட்களில் அது எத்தனையாவது பொய் என்று அவளுக்கே நினைவில்லை.

இறந்த மகன் யசீகரனுக்கு இருபத்தொன்பது வயது. கிளிநொச்சியிலிருந்து இடம்பெயர்ந்து காட்டோரம் கொட்டில் போட்டிருந்தவனுக்கு மலேரியா. குளிசை கிடைக்கவில்லை. ஐந்தே நாள். கிளென்ஃபீல்ட் மாலில் நிலானி வேலை செய்யும் மருந்துக்கடையில் அதே குளிசை அவள் தலைக்குப் பின்னால் மூன்றாவது தட்டில் இருந்தது. செய்தி வந்த நாளிலிருந்து அவள் அந்தத் தட்டைத் திரும்பிப் பார்ப்பதில்லை.

சொல்லாமல் வைத்ததற்குக் காரணம் இருந்தது. வருகிற புதன்கிழமை சரோஜாதேவிக்கு நெஞ்சைத் திறந்து ஒப்பரேசன். எட்டு மாதம் காத்திருந்து கிடைத்த தேதி. கிறிஸ்துமஸைத் தாண்டி இந்த இதயம் ஓடுமென்று தன்னால் உத்தரவாதம் தரமுடியாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். அதிர்ச்சி கூடாது என்றும் சொல்லியிருந்தார்.

இன்னும் மூன்று நாள். மூன்றே நாள் கடத்திவிட்டால் போதும்.

பஸ் வடமேற்கு மோட்டர்வேயில் ஏறியது. தூறல். ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே காதோர மைக்கில் பேசிக்கொண்டு வந்தார் வழிகாட்டி மாத்தே. அறுபது வயது, நரைத்த மீசை. தன் தாத்தா ஐரோப்பாவின் டல்மேஷியாக் கரையிலிருந்து பதினேழு வயதில் தனியாகக் கப்பலேறி வந்ததையும், வடக்கே சதுப்பு நிலத்தில் கவுரி மரப் பிசின் தோண்டிச் சேர்த்த காசில் ஹெண்டர்சனில் நிலம் வாங்கித் திராட்சை நட்டதையும் சொன்னார். தாத்தா ஊருக்குத் திரும்பவே இல்லை; அவருடைய தாய் சாகும்வரை ஒவ்வொரு இரவும் அவருக்கென்று ஒரு தட்டை மேசையில் வைத்துக் காத்திருந்தாள் என்றார்.

"என்னவாம்?" என்று கேட்டாள் ஆங்கிலம் விளங்காத சரோஜாதேவி.

அவருடைய பாட்டி நன்றாகச் சமைப்பாவாம் என்றாள் நிலானி.

"இவ்வளவு நேரம் கதைச்சது அதுக்கே?"

 பயணம் போனால் பத்திரம் என்று நிலானி நினைத்திருந்தாள். இந்த மனிதர்களின் சரித்திரம் முழுவதும் பிரிந்த பிள்ளைகளும் திரும்பாத பிள்ளைகளுமாக இருக்கும் என்பது டிக்கெட் வாங்கும்போது தோன்றவில்லை.

முதல் தோட்டம் ஹெண்டர்சனில் லிங்கன் ரோட்டுக்குப் பக்கத்தில். தகரக் கூரை, பெரிய பீப்பாய்கள், மேசையில் வரிசையாகக் கண்ணாடிக் கிளாஸ்கள், நடுவில் ஒரு வாளி. வாளி எதற்கு என்று மாத்தே செய்து காட்டினார். வாயில் ஊற்று, சுழற்று, துப்பு. நாள் முழுக்கச் சுற்றுகிறவர்கள் அப்படித்தான் செய்யவேண்டும் என்றார்.

தோட்டக்காரர் தன் கையாலேயே ஊற்றிக் கதிர்காமநாதனிடம் நீட்டினார். கதிர்காமநாதன் யாழ்ப்பாணக் கச்சேரியில், அதாவது அரசாங்க அதிபர் அலுவலகத்தில், முப்பத்தாறு வருடம் வேலை பார்த்து, தலைமை எழுத்தராக ஓய்வு பெற்றவர். ஒருவர் தன் வீட்டில் வைத்துத் தருவதை மறுக்கத் தெரியாது. தந்தவர் முன்னால் துப்புவது அதைவிட முடியாத காரியம். கிளாஸை வாங்கி, மருந்து குடிப்பதுபோல மடக்கென்று விழுங்கினார்.

"அப்பா, துப்புங்கோ" என்றாள் நிலானி காதோடு.

"வீட்டுக்காரன் நிக்கிறான். அவன்ர முகத்துக்கு நேர துப்புறதே?"

திராட்சை ஜூஸ் கிளாஸோடு நின்ற சரோஜாதேவிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "குடிக்கட்டும் விடு. சிவப்பு வைன் இருதயத்துக்கு நல்லதெண்டு ரீவியில சொன்னவங்கள். ஒப்பரேசன் எனக்கு, மருந்து கொப்பருக்கு."

அவள் சிரித்து நிலானி பார்த்து ஒரு மாதத்துக்கு மேலாகியிருந்தது. இப்போது அந்தச் சிரிப்பை அவளால் தாங்கமுடியவில்லை.

இரண்டாவது தோட்டம் கூமியூவில். அங்கேதான் ஆபத்து தமிழில் பேசியது.

பஸ்ஸின் முன் வரிசையில் ஒரு மலேசியத் தமிழ்த் தம்பதி. கணவர் மோகனதாஸ் ஏறியதிலிருந்து தூங்கிக்கொண்டிருந்தார். மனைவி வேதவள்ளி தூங்குகிற ரகமில்லை. மவுண்ட் ஆல்பர்ட்டில் வீடு, பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர் என்று ஹெண்டர்சனிலேயே அறிமுகம் செய்துகொண்டு, சரோஜாதேவியை ஆண்ட்டி ஆக்கிக்கொண்டாள்.

கூமியூ தோட்டத்தின் பழைய அறையில், ராணுவ உடையில் ஒரு வாலிபனின் படம் மாட்டியிருந்தது. இப்போதைய தோட்டக்காரரின் பெரியப்பா. இத்தாலியில் சண்டையில் இறந்தவர். 1944 மார்ச்சில், திராட்சை பறிக்கிற நேரத்தில் தந்தி வந்ததாம். தகப்பன் அதைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, பறிப்பு முடியும்வரை தாயிடம் சொல்லவில்லையாம். கதையைச் சொல்லிவிட்டுத் தோட்டக்காரர் படத்தின் தூசியை விரலால் துடைத்தார்.

நிலானி அம்மாவைக் கதவுப் பக்கம் திருப்பப் பார்த்தாள்.

"ஆர் அந்தப் பெடியன்?" என்றாள் சரோஜாதேவி.

"இவையின்ர பெரியப்பாவாம் அம்மா. ஆமியில பெரிய பதவியாம்."

"அக்கா, அவரு அப்படி சொல்லலையே" என்று பின்னாலிருந்து நட்போடு வந்தது வேதவள்ளியின் குரல். நிலானி திரும்பிக் கண்ணைக் காட்டுவதற்குள் எல்லாம் நடந்து முடிந்துவிட்டது. தந்தி, சட்டைப்பை, பறிப்பு என்று ஒன்று விடாமல் வேதவள்ளி தமிழில் சொல்லி முடித்தாள்.

சரோஜாதேவி படத்தையே பார்த்தாள். "எத்தினை நாள் மறைச்சவராம்?"

"மூணு வாரம், ஆண்ட்டி."

"வேலை முடியவேணும் எண்டு பெத்தவளுக்கு மறைச்சிருக்கிறான். அவனும் ஒரு மனுசனே?"

மேசையில் புதிதாக ஊற்றி வைத்த கிளாஸ் ஒன்று இருந்தது. கதிர்காமநாதன் யாரும் நீட்டாமலே எடுத்துக் குடித்தார். பக்கத்தில் இருந்ததையும் குடித்தார்.

மதியச் சாப்பாடு அங்கேயே. பாண் ரொட்டி, சீஸ், ஒலிவ் காய், தக்காளி. கதிர்காமநாதன் தட்டைத் தொடவில்லை. வயிற்றில் எரிவு என்றார். காலையில் தேத்தண்ணிகூடக் குடிக்காமல் புறப்பட்டவர் அவர் என்பது அப்போதுதான் நிலானிக்கு உறைத்தது. எரிவு இல்லை. பிள்ளைக்கு அந்தியேட்டி. அப்பா யாருக்கும் சொல்லாமல் விரதம் இருக்கிறார். அந்த வெறும் வயிற்றில் இதுவரை ஏழு கிளாஸ் வைன் போயிருக்கிறது.

கழிவறைக் கதவருகில் நிலானி வேதவள்ளியை மடக்கினாள். அரை நிமிடத்தில் எல்லாவற்றையும் சொன்னாள். இன்று என்ன நாள், புதன்கிழமை என்ன, இனிமேல் ஒரு சொல்லும் மொழிபெயர்க்கக் கூடாது.

வேதவள்ளியின் முகம் வெளுத்தது. "ஐயோ, தெரியாம பேசிட்டேன் லா. நான் வாயே தெறக்க மாட்டேன்" என்று நிலானியின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள்.

வாயைத் திறக்கவில்லைதான். ஆனால் அதற்குப் பிறகு அவள் செய்தது அதைவிட மோசமாக இருந்தது. பஸ்ஸில் ஏறும்போது சரோஜாதேவியின் கையைப் பிடித்து ஏற்றிவிட்டாள். தன் சால்வையைக் கழற்றி அவள் மடியில் போர்த்தினாள். தன் இருக்கைக்குப் போன பின்னும் நாலு தடவை திரும்பிப் பார்த்தாள். நாலாவது தடவை கண் நிறைந்திருந்தது.

"ஏன் பிள்ளை அது என்னைப் பாத்து அழுகுது?"

ஒப்பரேசன் என்று சொன்னேன், அவளுடைய அம்மாவும் இதயவருத்தத்தில் போனவவாம் என்றாள் நிலானி.

"கொப்பர் ஏன் சாப்பிடேல்லை?"

"எரிவெண்டு சொன்னவர் தானே அம்மா."

"எரிவு வந்தவன் வைன் குடிப்பானே?"

 சரோஜாதேவி மகளின் முகத்தை ஒரு நிமிடம் படித்தாள். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். மழை கண்ணாடியில் கோடு கோடாக இறங்கியது. மைக்கில் மாத்தே, முதல் உலகப் போரில் தன் சனங்களை இந்த நாடு எதிரிகள் என்று பதிவு செய்து வைத்திருந்த கதையைத் தொடங்கினார். இந்தத் தடவை என்னவாம் என்று சரோஜாதேவி கேட்கவில்லை.

அது நிலானியை இன்னும் கலங்கடித்தது.

மூன்றாவது தோட்டம் ஹுவாபாயில். ஆறு கிளாஸ்கள் வரிசையாக வைத்திருந்தார்கள். நிலானி அப்பாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டே நின்றாள். இரண்டாவது கிளாஸில் அவருடைய கண் சிவந்தது. மூன்றாவதில் மேசை விளிம்பைப் பிடித்தார். நான்காவதை அவள் பறித்து வாளியில் ஊற்றினாள். ஊற்றிவிட்டுத் திரும்பினால் அவர் இல்லை. மேசையில் தண்ணீர் நிறைந்து நின்ற கண்ணாடி ஜக்கும் இல்லை.

விறாந்தைக்கு ஓடினாள்.

அங்கே சரோஜாதேவி கம்பியைப் பிடித்தபடி வெளியே பார்த்துக்கொண்டு நின்றாள்.

திராட்சை வரிசைகளுக்கு நடுவே, தூறலில், கதிர்காமநாதன் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். சட்டையைக் கழற்றி இடுப்பில் கட்டியிருந்தார். அறுபத்தெட்டு வயது மார்பில் மழை வழிந்தது. எந்தப் பக்கம் தெற்கு என்று தெரியாமல் ஒரு முறை சுற்றினார். பிறகு ஒரு திசையைத் தேர்ந்து, ஜக்கைச் சரித்து, கட்டைவிரல் பக்கமாகத் தண்ணீரை நிலத்தில் விட்டார். தடுமாறி முழந்தாளில் விழுந்தார். விழுந்தபடியே மறுபடி விட்டார்.

கண்ணாடிக் கதவுக்குப் பின்னால் இரண்டு பேர் அதைப் பார்த்துச் சிரித்தார்கள். குடித்துவிட்டு ஒரு கிழவர் கூத்தடிக்கிறார் என்று நினைத்திருப்பார்கள்.

நிலானி அம்மாவின் தோளைப் பிடித்து உள்ளே இழுத்தாள். அப்பாவுக்கு வெறி ஏறிவிட்டது, வாருங்கள் என்றாள். சரோஜாதேவி அந்தக் கையை எடுத்துவிட்டுப் படி இறங்கினாள். மெதுவாக, ஒரு கை நெஞ்சில் வைத்தபடி, சேற்றில் நடந்து கணவரிடம் போனாள்.

கதிர்காமநாதன் தலை நிமிர்ந்தார். இந்த ஒரு மாதமாக அவளிடம் மறைத்து வைத்திருந்த முகம் அது.

"ஆருக்கு விடுறியள்?"

அவர் ஜக்கை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார்.

"கேக்கிறன். ஆருக்குத் தண்ணி?"

"யசீக்கு" என்றார். "இண்டைக்கு எண்டாலும் விடவேணும், சரோ. தகப்பன் இருந்தும் பிள்ளை தண்ணியில்லாமல் போகக்கூடாது. இண்டைக்கு முப்பத்தொண்டு."

நிலானி ஓடிப்போய் அம்மாவைத் தாங்கினாள். கைப்பையில் இருந்த நெஞ்சுவலி ஸ்பிரேயைத் தேடி எடுத்தாள், நாக்கின் கீழ் அடிப்பதற்கு. சரோஜாதேவி வாயைத் திறக்கவில்லை. விழவும் இல்லை. கணவரின் கையிலிருந்த ஜக்கை வாங்கிப் பார்த்தாள். காலி.

"என்ன நடந்தது?"

காய்ச்சல் என்றாள் நிலானி. எங்கே, எத்தனை நாள், குளிசை கிடைக்காதது, எல்லாவற்றையும் சொன்னாள். இப்போது எதையும் மாற்றிச் சொல்லவில்லை.

"ஆர் கொள்ளி வச்சது?"

"அங்க நிண்ட கண்மணியக்காவின்ர மூத்தவன்."

"நல்ல பெடியன்" என்றாள் சரோஜாதேவி.  பிறகு மகளைப் பார்த்தாள். "நேற்று எனக்கு மீன் காய்ச்சிப் போட்டனீ."

"அம்மா..."

"போன கிழமை இறைச்சி. துடக்கு வீட்டில எனக்கு இறைச்சி போட்டனீ. நான் பொட்டு வச்சுக்கொண்டு, பட்டு உடுத்திக்கொண்டு, கோயிலுக்குள்ள போய் அவன்ர பேருக்கு அருச்சனை செய்தனான். ஐயர் நட்சத்திரம் கேக்க, நீ பக்கத்தில நிண்டு சொன்னனீ."

சொல்லத்தான் செய்தாள். உத்திரட்டாதி என்று. அம்மா சந்தேகப்படாமல் இருக்க, வழக்கம்போல வீடு நடக்கவேண்டும் என்று அவளும் நவரத்தினமும் அப்பாவும் சேர்ந்து முடிவு செய்தார்கள்.  அதையெல்லாம் இந்தச் சேற்றில் நின்று யாருக்குச் சொல்வது?

"உங்களைக் காப்பாத்தத்தான் அம்மா. புதன்கிழமை முடியட்டும் எண்டு..."

"புதன்கிழமை நான் வரேல்லை."

நிலானிக்கு அது உடனே விளங்கவில்லை.

"எனக்கு இண்டைக்குத்தான் பிள்ளை செத்தவன்" என்றாள் சரோஜாதேவி. "எனக்கு இண்டைக்கு முதலாம் நாள். முப்பத்தொண்டும் முடியாமல் நான் ஆஸ்பத்திரிக்கும் வாறேல்லை, ஒருத்தன்ர கத்திக்கும் படுக்கிறேல்லை."

கதிர்காமநாதன் சேற்றிலிருந்து எழ முயன்றபடி, அது அப்படியில்லை, பிந்தி அறிந்தால் மிச்ச நாளை மட்டும் காத்தால் போதும், இன்றோடு துடக்குக் கழிகிறது என்று குழறிக் குழறி விளக்கினார். முப்பத்தாறு வருடம் சட்டமும் சுற்றறிக்கையும் படித்த மனிதர். இதிலும் ஒரு விதி சொல்லமுடியும் என்று நம்பினார்.

"அது தானாய்ப் பிந்தி அறிஞ்சவைக்கு. எனக்கு நீங்கள் மறைச்சனீங்கள்" என்றாள் அவள். அவர் மறுபடி சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டார்.

வேதவள்ளி குடை கொண்டு ஓடிவந்தாள். மாத்தேயும் வந்தார். அவர்கள் இருவருமாகக் கதிர்காமநாதனைத் தூக்கி, சட்டையை மாட்டிவிட்டு, பஸ்ஸின் பின்வரிசையில் உட்காரவைத்தார்கள். உங்கள் தாய்க்குச் சுகமில்லையா, ஆம்புலன்ஸ் கூப்பிடவா என்று மாத்தே கேட்டார். நிலானி ஆங்கிலத்தில் உள்ளதைச் சொன்னாள். அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். நேராக நகரத்துக்கு விடலாம், மற்றவர்களிடம் தான் பேசிக்கொள்கிறேன் என்றார்.

சரோஜாதேவிக்கு அது சொல்லப்பட்டபோது வேண்டாம் என்று தலையாட்டினாள். காசு கட்டி வந்த சனங்கள், அவர்களின் நாளை ஏன் கெடுக்கவேண்டும்? அவள் ஏற்கெனவே சேலைத் தலைப்பால் பொட்டை அழித்திருந்தாள். நெற்றியில் ஒரு சிவப்புத் தீற்றல் மட்டும் மிஞ்சியிருந்தது.

பஸ் நாலாவது தோட்டத்துக்குப் போனது. மைக்கில் சத்தமில்லை.

நிலானி மனதுக்குள் கணக்குப் போட்டாள். இன்று ஒன்று என்றால் டிசம்பர் பதினேழு முப்பத்தொன்று. டிசம்பர் நடுவில் ஆஸ்பத்திரியில் அவசரமில்லாத ஒப்பரேசன்களை நிறுத்திவிடுவார்கள். பிறகு கிறிஸ்துமஸ், புதுவருடம், கோடை விடுமுறை. பெப்ரவரிக்கு முன்னால் இன்னொரு தேதி கிடைக்காது. டாக்டர் மேசையில் விரலைத் தட்டித் தட்டிச் சொன்ன எல்லை கிறிஸ்துமஸ்.

அம்மாவின் கையைப் பிடித்தாள். கை ஐஸாகக் குளிர்ந்திருந்தது. "அம்மா, உங்களுக்கும் ஏதாவது நடந்தால் நான் என்ன செய்யிறது?" என்றாள். இந்த ஒரு மாதத்தில் முதல் தடவையாக அவளுக்கு அழுகை வந்தது. அம்மா முன்னால் அழக்கூடாது என்று அடக்கி அடக்கி, இப்போது வந்தது கேவலாக வந்தது.

சரோஜாதேவி கையை இழுக்கவில்லை. அழுத்தவும் இல்லை.

"அழு" என்றாள். "நீ உன்ர பங்கை அழு. எனக்கு இன்னும் வரேல்லை."

நாலாவது தோட்டத்தில் எல்லோரும் இறங்கினார்கள். வேதவள்ளி கடைசியாக, திரும்பித் திரும்பிப் பார்த்தபடி இறங்கினாள். பஸ்ஸில் மூவர் மட்டும். மழை பலத்தது. பின்வரிசையில் கதிர்காமநாதன் ஜன்னலில் தலையைச் சாய்த்து, வாயைப் பொத்தி விம்முகிற சத்தம் மட்டும் விட்டு விட்டுக் கேட்டது. சரோஜாதேவி திரும்பிப் பார்க்கவில்லை. வெகுநேரம் கழித்து மகளிடம் சொன்னாள்:

"போய்க் கொஞ்சம் பாண் கேட்டு வாங்கிக்கொண்டு வா."

"பசிக்குதா அம்மா?"

"எனக்கில்லை. கொப்பருக்குக் குடு. விடியத் தொடக்கம் ஒண்டும் தின்னாத மனுசன். அவருக்கு இண்டையோட முடியுது."

நிலானி நனைந்துகொண்டே போய் வாங்கி வந்தாள். பின்வரிசைக்குப் போய்க் கொடுத்தாள். கதிர்காமநாதன் இரண்டு கையாலும் வாங்கி, மனைவியின் பின்தலையைப் பார்த்தபடி, துண்டு துண்டாகப் பிய்த்துச் சாப்பிட்டார்.

மிஞ்சியதில் ஒரு துண்டை நிலானி அம்மாவிடம் கொண்டுபோய் நீட்டினாள். மாத்திரை போடுகிற நேரம் தாண்டிவிட்டது, வெறும் வயிற்றில் போடக்கூடாது, இதையாவது சாப்பிடுங்கள் என்றாள்.

"எனக்கு இண்டைக்குத்தான் தொடங்குது" என்று சரோஜாதேவி பாணையும் மாத்திரையையும் சேர்த்து ஒதுக்கிவிட்டு, வேதவள்ளியின் சால்வையை மடியிலிருந்து எடுத்து மடித்து, பக்கத்து இருக்கையில் வைத்தாள்.